சபரிக்கு நான் போட்ட கடைசிக் கையெழுத்து

மேடையில் இருக்கும் நம் தமிழ்ச் சங்கத் தலைவர் திருமதி எழிலரசி அவர்களே, செயற்குழுவினரே, டெக்சாஸிலிருந்தும் சான் ஹோசேயிலிருந்தும் விமானம் ஏறி வந்து, ஒரு வார்த்தை தமிழ் புரியாமல் மூன்றாம் வரிசையில் தலைகுனிந்து உட்கார்ந்திருக்கும் சபரியின் சக வீரர்களே, எடிசன், பார்சிப்பனி வட்டாரத்து நண்பர்களே, முன்வரிசையில் இருக்கும் சபரியின் அப்பா கிட்டுசாமி, அம்மா சாந்தாமணி, தங்கை தென்றல் ஆகியோரே, உங்கள் எல்லோர் முன்பும் கைகூப்பி நிற்கிறேன்.

அறிவிப்பில் 'பனித்தள ஹாக்கி வீரர், தடுப்பாட்டச் செம்மல் திரு. சபரி கிட்டுசாமி அவர்கள்' என்று போட்டிருக்கிறார்கள். சரிதான். ஆனால் பிறந்த மூன்றாம் நாள் அவனை எடை போட்டவன் நான். முப்பத்து நான்கு வயதில் அவனைச் சுமந்தவர்களில் ஒருவனும் நான். 'அவர்' என்று சொல்ல நாக்கு வரவில்லை. அவன் என்றே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். என்னைத் தெரியாதவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். என் பெயர் மகாதேவன். குழந்தை மருத்துவர். முப்பத்தாறு வருடமாகப் பார்சிப்பனியில் கிளினிக் வைத்திருக்கிறேன். குழந்தை மருத்துவர் என்பதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், அது பிறகு தேவைப்படும்.

சபரி எப்படி இந்த ஆட்டத்துக்குள் போனான்? ஆசைப்பட்டா? இல்லை. கிட்டுசாமியின் ஆபீஸுக்குப் பக்கத்தில் ஒரு ஸ்கேட்டிங் ரிங்க் இருந்தது. ஆறு வயதில், அப்பா வேலை முடித்து வரும்வரை டேகேருக்குப் பதிலாக அங்கே விட்டார்கள். நம் பிள்ளைகள் அபாகஸுக்கும் வயலினுக்கும் போய்க்கொண்டிருந்த காலம் அது. இவன் பனியில் விழுந்து எழுந்துகொண்டிருந்தான். ஒவ்வொரு வருடமும் விளையாடத் தகுதியானவன் என்று ஒரு ஃபார்ம் வேண்டும். என்னிடம்தான் வருவான். மார்பில் ஸ்டெத் வைப்பேன், முட்டியில் தட்டுவேன், கையெழுத்துப் போடுவேன், ஒரு ஸ்டிக்கர் கொடுப்பேன்.

பிறகு பன்னிரண்டு வருடம் அதுவே அவன் தொழிலானது. ஒன்பது அணிகள். எல்லாம் சின்ன லீக். பெட்டியை முழுதாகப் பிரிக்காத வாழ்க்கை. சான் ஹோசேயில் இரண்டு சீசன் இருந்தான், அவன் ஒரே இடத்தில் அதிகம் இருந்தது அதுதான். தென்றலின் கல்யாண வரவேற்பில் பட்டு வேட்டியோடு நின்றுகொண்டிருந்தவனுக்கு ஒரு போன் வந்தது. உன்னை வேறு அணிக்குக் கொடுத்தாயிற்று, காலையில் வந்து சேர் என்றார்கள். பந்தியில் உட்காராமலே கிளம்பினான், நூவர்க் விமான நிலையத்தில் வேட்டியை மாற்றினான். நாம் என்ன செய்தோம்? சாப்பிட்டபடியே "என்னங்க இது, ஒரு வேலையா" என்று பேசினோம். நானும்தான் பேசினேன்.

அவன் டிஃபென்ஸ்மேன். கோல் போடுவது அவன் வேலை இல்லை. பக் என்கிற அந்தக் கறுப்பு ரப்பர் வட்டு வரும் வழியில் போய் நிற்பதும், எதிராளி முட்டினால் வாங்கிக்கொள்வதும்தான் வேலை. பெரிய லீகில் ஒரே ஓர் ஆட்டம் ஆடக் கிடைத்தது, பதினோரு நிமிடம். கிட்டுசாமி வீட்டுக்கு யார் போனாலும் அந்தப் பதிவைப் போட்டுக் காட்டுவார். "எங்கங்க சபரி?" என்று நான் கேட்டேன். "அதா, கீழ கெடக்கறான் பாருங்க டாக்டரு, அவந்தானுங்க" என்றார். அவ்வளவு பெருமையாகச் சொன்னார். அந்த வட்டை அவன் நெஞ்சில் வாங்கியிருந்தான்.

நம் சங்கமும் அவனைக் கௌரவித்தது. மறந்துவிடவில்லையே? ஒரு பொங்கல் விழாவில் கேடயம் கொடுத்தோம். கேடயத்தில் புல்தரை ஹாக்கி மட்டையைப் பொறித்து வைத்திருந்தோம், இவன் ஆடியது எந்த ஆட்டம் என்று விசாரிக்க யாருக்கும் தோன்றவில்லை. அவன் சிரித்துக்கொண்டே வாங்கினான். கீழே இறங்கியதும் ஆளுக்கு ஆள் அவனைச் சூழ்ந்துகொண்டு ஒரே கேள்வி கேட்டோம். "அப்புறம் என்னப்பா ப்ளான்? எப்போ செட்டில் ஆகப்போறே?" அதற்கும் சிரித்தான். அந்தக் கேடயம் இன்றும் அவன் அறையில் இருக்கிறது, நேற்றுப் பார்த்துவிட்டு வந்தேன்.

இனிமேல் சொல்லப்போவது செயற்குழு எனக்கு எழுதிக் கொடுத்த தாளில் இல்லை. கிட்டுசாமிக்குத் தெரியும், சாந்தாமணிக்கும் தெரியும். உங்களுக்கும் தெரிய வேண்டும்.

நம்மிடம் ஒரு பழக்கம் இருக்கிறது. உடம்புக்கு ஏதாவது என்றால் முதலில் நம்மாளு டாக்டரைப் பிடிப்போம். அவர் எந்த டாக்டர் என்று கேட்க மாட்டோம். தீபாவளிப் பார்ட்டியில் என் கையில் தட்டு இருக்கும், "டாக்டர், எக்கோ ரிப்போர்ட் வாட்ஸ்அப் பண்ணியிருக்கேன், ஒரு நிமிஷம் பாத்துடுங்களேன்" என்பீர்கள். குழந்தையின் காதையும் தொண்டையையும் பார்க்கப் படித்தவன் நான். அறுபது வயதுக்காரரின் இதயத்தைப் பார்த்துக் கருத்துச் சொல்லியிருக்கிறேன். மறுத்ததே இல்லை. எனக்கும் அது பிடித்திருந்தது. அதைச் சொல்லாமல் விட்டால் நான் இங்கே பேசுவதெல்லாம் பொய்.

டிசம்பரில் கலிபோர்னியாவில் சபரிக்குத் தலையில் பலமான அடி. அணி அவனை விடுவித்துவிட்டது. இங்கே வந்து அம்மா கையால் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். ஜனவரி கடைசியில் கிட்டுசாமி எனக்குப் போன் செய்தார். "ஏனுங்க டாக்டரு, பையன் நாளைக்கு அங்க வர்றானுங்க. ஒரு லெட்டரு வேணுமாமா. பாத்து எழுதிக் குடுத்துருங்க. நம்ம பையந்தானுங்களே." நானும் அதற்கென்ன, வரச் சொல்லுங்கள் என்றேன்.

நடுப்பகலில் வந்தான். என் கிளினிக் சுவரில் யானையும் ஒட்டகச்சிவிங்கியும் வரைந்திருக்கும். ஆறடி இரண்டங்குலம் உயர்ந்தவன் அந்தக் குழந்தைகள் படுக்கும் மேஜையில் உட்கார்ந்தான். கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தான். "அங்கிள், டெக்சாஸ்ல ஒரு டீம்ல ரெண்டு டிஃபென்ஸ்மேன் இஞ்சர்டு. ஃப்ரைடேக்குள்ள ஒரு டாக்டர் லெட்டர் அனுப்பினா என்னை சைன் பண்ணுவாங்க. நியூராலஜிஸ்ட் அப்பாயின்ட்மென்ட் மார்ச்லதான் கிடைச்சுது. அது வரைக்கும் வெயிட் பண்ண மாட்டாங்க" என்றான்.

நான் குழந்தை டாக்டர்டா என்றேன். "ஸோ வாட் அங்கிள்? எல்லா ஃபார்மும் நீங்கதானே சைன் பண்ணீங்க" என்றான். பிறகு மெதுவாகக் கேட்டான், "லைட்டைக் கொஞ்சம் டிம் பண்ணலாமா?"

தலையில் அடிபட்டவனுக்கு வெளிச்சம் கூசினால் என்ன அர்த்தம்? முதலாண்டு மருத்துவ மாணவனைக் கேளுங்கள், சொல்வான். மூளை இன்னும் ஆறவில்லை என்று அர்த்தம். எனக்குத் தெரியாதா? தெரியும். தெரிந்தும் நான் என்ன செய்தேன்? எழுந்து போய், என் கையாலேயே, விளக்கை அணைத்தேன்.

பிறகு கேள்விகள் கேட்டேன். தலைவலி இருக்கா என்றேன். "நோ அங்கிள்." தூக்கம்? "குட்." தலைசுற்றல், வாந்தி? "நோ, நோ." ஆறு வயதுப் பிள்ளைகளிடம் கேட்கிற அதே வரிசையில் கேட்டேன். ஒரே ஒரு வித்தியாசம். பிள்ளை வலி இல்லை என்று சொன்னதும் நான் எப்போதும் திரும்பி அம்மாவின் முகத்தைப் பார்ப்பேன். பிள்ளைகள் பொய் சொல்லும், அம்மா முகம் சொல்லாது. அன்றைக்குத் திரும்பிப் பார்த்தேன், அந்த நாற்காலியில் யாரும் இல்லை. "இந்த ஒரு சீசன் மட்டும் அங்கிள். அப்புறம் கோச்சிங் போயிடுவேன், ப்ராமிஸ். எல்லாரும் கேட்டுட்டே இருக்கீங்களே, செட்டில் ஆயிடறேன்" என்றான். விளையாடத் தகுதியானவர் என்று எழுதி, அந்த அரைவெளிச்சத்தில் கையெழுத்துப் போட்டேன். பழக்க தோஷத்தில் மேஜை இழுப்பறையிலிருந்து ஸ்டிக்கரும் கொடுத்தேன். சட்டையில் ஒட்டிக்கொண்டு போனான்.

அந்த அணிக்கு ஆள் அவசரமாக வேண்டியிருந்தது. கையெழுத்துப் போட்டவர் எந்த மருத்துவர் என்று அவர்களும் கேட்கவில்லை.

நான்காவது ஆட்டம். ஞாயிற்றுக்கிழமை மதியம். மூலைக்கு ஓடிய வட்டை எடுக்கத் திரும்பினான், எதிராளியின் தோள் இடித்தது. மூன்றாம் வரிசையில் இருக்கும் அவன் நண்பர்களைக் கேட்டேன். இதைவிடப் பத்து மடங்கு பலமான அடிகளை அவன் வாங்கியிருக்கிறான், இது ஒன்றுமே இல்லை என்கிறார்கள். ஆறாத மூளைக்கு அதுவே போதும். அவனே எழுந்தான். பெஞ்சுக்கு வந்து உட்கார்ந்தான், தண்ணீர் குடித்தான், பக்கத்தில் இருந்தவர் தோளில் சாய்ந்தான். அதற்குப் பிறகு விழிக்கவே இல்லை. மூன்று நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். இவனை ஆடலாம் என்று யார் அனுமதித்தது என்று அங்கிருந்த மருத்துவர்கள் கேட்டார்களாம். கிட்டுசாமி பதில் சொல்லாமல் நின்றாராம். பெற்ற பிள்ளை உள்ளே கிடக்கும்போதும் என் பெயரைச் சொல்லக்கூடாது என்று நின்றிருக்கிறார்.

நேற்று அவர்கள் வீட்டுக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். விளக்கை அணைத்ததையும் சொன்னேன். "நானுந்தானுங்களே போன் பண்ணுனேன்" என்றார் கிட்டுசாமி. சாந்தாமணிதான் கேட்டார். "தலை வலிக்குதான்னு அவங்கிட்ட கேட்டீங்களா?" கேட்டேன் என்றேன். "என்ன சொன்னான்?" இல்லை என்றான் என்றேன். "எங்கிட்டயும் அதையேதானுங்க சொன்னான். பகல்லயே ஜன்னலுக்கெல்லாம் போர்வை கட்டிட்டுப் படுத்துக் கெடந்தானுங்க. என்னை ஒரு வார்த்தை கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே" என்றார்.

ஒரு போன், அவ்வளவுதான். பத்து நிமிடத் தூரத்தில் இருந்தார் அந்த அம்மா.

மாநில மருத்துவ வாரியத்துக்கு நான் செய்ததை எழுதி அனுப்பிவிட்டேன். என் மனைவி நாகலக்ஷ்மி, "இப்போ சொல்லி என்ன ஆகப்போறது?" என்று கேட்டாள். ஒன்றும் ஆகப்போவதில்லை. அவள் கேட்டது நியாயம். எந்தத் தண்டனை கொடுத்தாலும் அவன் வரமாட்டான். கிளினிக்கை இந்த மாதக் கடைசியோடு மூடுகிறேன். அதனாலும் அவன் வரமாட்டான். ஆறுதலாக உங்களுக்குச் சொல்ல என்னிடம் எதுவும் இல்லை, எனக்கே சொல்லிக்கொள்ளவும் இல்லை.

அவர் விட்டுச்சென்ற பணியைத் தொடர்வோம் என்று உறுதி எடுத்து முடிக்கச் சொல்லித் தாளில் எழுதியிருக்கிறது. சபரியின் பணி என்ன? அடுத்தவன் மேல் அடி விழாமல் குறுக்கே போய் நிற்பது. பன்னிரண்டு வருடம் முன்பின் தெரியாதவர்களுக்கெல்லாம் குறுக்கே நின்றான். அவனுக்குக் குறுக்கே நிற்க வேண்டிய இடத்தில் ஒரே ஒருவன் இருந்தான். அவன் விலகி வழிவிட்டான்.

இன்று நான் காரை நிறுத்திவிட்டு இறங்கினேன். நம் நண்பர் முகுந்த் வந்து கையைப் பிடித்துக்கொண்டார். சபரியைப் பற்றிப் பேசி அழுதார், உண்மையாகவே அழுதார். அழுது முடித்து, சட்டைப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்தார். "டாக்டர், அதிதியோட ஹாக்கி கேம்ப் ஃபார்ம். நாளைக்கு லாஸ்ட் டேட். கையோட ஒரு சைன் போட்டுடுங்க" என்றார். அதிதிக்குப் பதினோரு வயது. போன கோடையில் சபரிதான் அவளுக்கு முட்டி மடக்கி நிற்கச் சொல்லிக்கொடுத்தான். முகுந்த், உங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. முப்பத்தாறு வருடம் உங்களையெல்லாம் இப்படிப் பழக்கியவன் நான்தான்.

இதோ அந்த ஃபார்ம். இதில் நான் கையெழுத்துப் போடவில்லை, போடவும் மாட்டேன். திங்கட்கிழமை அவளை, அவள் அம்மாவோடு, முறையாக இன்னொரு டாக்டரிடம் அழைத்துப் போங்கள். கடைசித் தேதி போனால் போகட்டும். மாட்டேன் என்ற இந்த ஒரு வார்த்தையை நான் சபரியிடம் சொல்லவில்லை.

முகுந்த், எழுந்து வந்து இதை வாங்கிக்கொள்ளுங்கள். எல்லோரும் பார்க்கட்டும். நீங்கள் வந்து வாங்கும்வரை நான் இங்கேயே நிற்கிறேன்.