கையுயர்த்தி நிற்பவளைக் காத்த லல்லா வசீலாவுக்கு

கண்ணிருந்தும் காணாதவரைக் காணவைத்த கனிவே! வாளியோடு வந்தவரை விழியாலேயே விரட்டிய கண்டிப்பே! அன்பிற்கும் அச்சத்திற்கும் ஒருங்கே உரிய எங்கள் அருங்காட்சியகக் காப்பாளரே! ஊரார் 'லல்லா' என்று மதித்தழைக்கும் வசீலா பூஸித் அம்மையே! தங்கள்மீது சாந்தி உண்டாவதாக.

பணி நிறைவு பெறும் தங்களுக்கு மடல் எழுதும் பொறுப்பை நுழைவுச்சீட்டு விற்கும் நயீமாவாகிய என் தலையில் கட்டிவிட்டார்கள். பார்வையாளர்களின் குறைகளைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்தவள் நான்தானாம். இருக்கட்டும், எங்கள் அனைவரின் சார்பிலும் நானே சொல்கிறேன்.

தாங்கள் வருமுன், சிறு கற்கள் பதித்து ஆக்கிய எங்கள் சித்திரத் தரைக்கு நாள்தோறும் குளியல் நடந்தது. பல நூற்றாண்டுப் புழுதியில் மங்கிய வண்ணக்கற்கள்மேல் வழிகாட்டி லுத்ஃபி ஒரு வாளித் தண்ணீரை வீசுவார். நீலமும் சிவப்பும் பளிச்சென்று எழும். பயணிகள் கைதட்டுவார்கள், படம் பிடிப்பார்கள், ஈரம் காயுமுன் பேருந்தில் ஏறிவிடுவார்கள். நீர் உலர உலர உப்புப் பூத்துக் கற்கள் பெயர்வதை எங்களில் ஒருவரும் பொருட்படுத்தவில்லை. தாங்கள் வந்த வாரமே வாளியைப் பூட்டிவைத்தீர்கள்.

பிறகு என் சன்னலில் கேட்ட வசவுகள் கொஞ்சமல்ல. "காசு குடுத்து மண்ணைப் பாக்கவா வந்தோம்?" என்றார்கள். தாங்களோ தரையைச் சுற்றி முக்காலிகளைப் போட்டு, "உக்காருங்க, கண்ணு பழகட்டும்" என்றீர்கள். முதலில் வெறும் சாம்பல் நிறம்தான் தெரியும். சற்றுப் பொறுத்தால் ஒரு மீனின் வயிறு தெரியும், அப்புறம் ஒரு படகு, அப்புறம் கரையில் கையுயர்த்தி நிற்கும் ஒரு பெண். அவள் என்ன செய்கிறாள் என்பதுதான் தாங்கள் கேட்கும் ஒரே கேள்வி. புதுமணத் தம்பதியர், வரவேற்கிறாள் என்றனர். மகனைக் கடல் கடந்து அனுப்பிய தாய்மார், வழியனுப்புகிறாள் என்று சொல்லி முக்காட்டு நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டனர். மீன் வியாபாரி ஒருவர், "விலை கட்டுப்படியாகலன்னு கையை ஆட்டுறா" என்று சாதித்தார். ஒருவரையும் தாங்கள் திருத்தியதில்லை.

ஒருமுறை நான் பொறுமையிழந்து, "சரியான பதில் எதுதான் லல்லா?" என்று கேட்டேன். "அது தெரிஞ்சிருந்தா நான் எதுக்குடி தினமும் வந்து பாக்குறேன்?" என்றீர்கள்.

பேருந்துகள் வேறு ஊர் தேடிப் போயின. அதையே காரணம் காட்டித் தலைநகர் தூனிசிலிருந்து மூவர் குழு வந்தது. யாரும் பார்க்காத இந்தத் தரையைப் பெயர்த்துத் தூனிசுக்குக் கொண்டுபோவதா, இங்கேயே விட்டுவைப்பதா என்று அன்றே முடிவுசெய்வதாக இருந்தார்கள். அன்று பார்த்து வானம் மூடிக்கொண்டது. தரை அவிந்த அடுப்புபோல் கிடந்தது.

"ஒரே ஒரு வாளி, லல்லா. இன்னைக்கு மட்டும்" என்று லுத்ஃபி கெஞ்சினார். "இல்லேன்னா இவளை நாம இனிமே பாக்கவே முடியாது."

வாளியைப் பூட்டிய சாவி தங்கள் கையில்தான் இருந்தது. "காப்பாத்துறேன்னு சொல்லி நாமளே கொல்றதா? போய் டீயைப் போடு" என்றீர்கள்.

மூவரும் முகம் சுளித்து முக்காலியில் அமர்ந்தனர். வழக்கமான கேள்வியைக் கேட்டுவிட்டுத் தாங்கள் ஒதுங்கி நின்றீர்கள். புதினாத் தேநீர் ஆறியது. மூவரில் இளையவர்தான் முதலில் வாய் திறந்தார்.

"வழியனுப்புறா."

"எங்க அனுப்புறா? சாப்பிடக் கூப்பிடுறா, நல்லாப் பாருங்க" என்றார் பக்கத்திலிருந்த அம்மையார்.

"ரெண்டு பேருக்கும் கண்ணு அவிஞ்சு போச்சா? படகு வருதா போகுதான்னு மொதல்ல பாருங்க" என்று குழுத் தலைவர் எழுந்தே விட்டார்.

மதியச் சாப்பாடாக மீன் குஸ்குஸ் வந்து இறங்கியும் வழக்கு ஓயவில்லை. வாயில் கவளமும் விரலில் ஹரிஸா மிளகாய் விழுதுமாக வாதாடினார்கள். மாலையில் தலைவர் ஆவணக் கோப்பை மூடிவைத்து, "தூனிஸ்ல இந்த மாதிரி எத்தனையோ தரை இருக்கும்மா. எது முன்னாடியும் நான் இப்படிச் சண்டை போட்டதில்ல. இவ இங்கயே இருக்கட்டும்" என்றார். அவர்கள் வண்டி கிளம்பியதும் தாங்கள் சுவரில் சாய்ந்து அழுதீர்கள். பார்த்துக்கொண்டிருந்த நாங்களும் அழுதோம்.

அந்த நாட்களை நினைத்தால் நெஞ்சு கனக்கிறது. செருப்பை வாசலில் விட்டு ஓசையின்றி வரும் தங்கள் நடை, தூங்கிவழியும் காவலரை எழுப்பும் தங்கள் செருமல், கல் ஒன்று அசைந்தாலும் பிள்ளைக்குக் காய்ச்சல் கண்டதுபோல் தவித்த தங்கள் தவிப்பு, கோபம் வந்த கையோடு எங்களுக்குப் பேரீச்சம்பழ ரொட்டி பிட்டுக் கொடுத்த தங்கள் பரிவு எல்லாம் இனி எங்களுக்கு ஏது? பார்க்கத் தெரியும் என்ற மிதப்பில் இருந்த எங்களைப் பார்க்கப் பழக்கியவர் தாங்கள். நன்றி என்னும் சொல் அதற்கு ஈடாகாது.

தரை தங்கிவிட்டது. தாங்கள்தான் ஸ்ஃபாக்ஸ் நகரில் உள்ள மகள் வீட்டுக்குப் புறப்படுகிறீர்கள். பேரன் பேத்தியர் சூழ, குன்றாத உடல்நலத்தோடும் குறையாத கண்ணொளியோடும் நூறாண்டு கடந்து வாழ இறைவன் அருள்வானாக!

இன்று காலை கதவு திறந்ததும் நாங்கள் சொல்லிவைத்தாற்போல் முக்காலிகளில் போய் அமர்ந்தோம். இத்தனை ஆண்டுகள் ஆளுக்கொன்று சொன்ன நாங்கள், இன்று வாதமே இல்லாமல் ஒன்றைச் சொன்னோம். வழியனுப்புகிறாள். லுத்ஃபி மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. "கூப்பிடுறா. திரும்பி வரச் சொல்லிக் கூப்பிடுறா" என்று சிறுபிள்ளைபோல் அடம்பிடித்தார். அவர் கண்ணுக்குத் தெரிவது எங்கள் கண்ணுக்கும் தெரியவேண்டுமானால், லல்லா, தாங்கள் ஒருநாள் இந்த வாசல் வழியே திரும்பி வரவேண்டும்.

என்றும் தங்கள் அன்புக்கு ஏங்கும்,
அருங்காட்சியகப் பணியாளர்கள்