பத்துக்கு எத்தனை

எனக்குக் கை சுத்தம் என்று ஆஸ்பத்திரியில் எல்லாரும் சொல்வார்கள், டாக்டர். மருந்து கொடுக்கும் ஜன்னலுக்குப் பின்னால் இருபத்திரண்டு வருஷமாக நிற்கிறேன். வருஷக் கடைசியில் இருப்பு எண்ணும்போது என் அலமாரியில் ஒரு மாத்திரை கூடியதும் இல்லை, குறைந்ததும் இல்லை. இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், நான் அவசரக்காரி இல்லை, கை தவறிச் செய்கிறவளும் இல்லை. செய்ததை எல்லாம் நிதானமாகத்தான் செய்தேன்.

மற்றவர்கள் எல்லாம் பார்த்துவிட்டுப் போகட்டும் என்று கடைசியாக வந்து உட்கார்ந்தேன். என் தங்கச்சி விஷயம். போன வாரம் அவளுடைய ஃபைலில் இரண்டு வரி எழுதினீர்கள். இந்த மருந்தால் பலன் இல்லை, இனிமேல் கொடுக்க வேண்டாம் என்று. அந்த இரண்டு வரியும் தப்பு. தப்பு உங்களுடையது இல்லை.

வீட்டில் அவளைச் சின்னவள் என்றுதான் கூப்பிடுவோம். நாற்பத்தொரு வயதாகியும் சின்னவள்தான். அப்பா அம்மா போன பிறகு நாங்கள் இரண்டு பேர்தான். அவளுக்கு முடி வெட்டும் கடையில் வேலை. மற்ற நாற்காலிகள் காலியாகக் கிடந்தாலும் அவளிடம்தான் வெட்டிக்கொள்வோம் என்று காத்திருக்கிறவர்கள் உண்டு. மூன்று வருஷத்துக்கு முன்னால் அவளுக்கு வலி தொடங்கியது. முதலில் தோள், பிறகு இடுப்பு, அப்புறம் வலிக்காத இடம் எது என்று கேட்கிற நிலைமை. போர்வை பட்டாலே எரிகிறது என்பாள். ரத்தம் பார்த்தார்கள், படம் எடுத்தார்கள். எல்லாம் சரியாக இருந்தது. பார்க்கவும் ஆள் கிண்ணென்று இருந்தாள்.

நான் நம்பவில்லை. அதை இப்போதே சொல்லிவிடுகிறேன். எனக்குப் பதினோரு வருஷமாகப் பாதம் எரிகிறது. அடுப்புக் கல்லில் நிற்கிற மாதிரி இருக்கும். யாரிடமாவது சொன்னேனா என்றால் இல்லை. ஈரத்துணியைச் சுற்றிக்கொண்டு படுப்பேன், காலையில் எழுந்து வேலைக்குப் போவேன். வலி வந்தால் மனுஷர்கள் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று நினைத்தேன். "உடம்பு வணங்காதவளுக்கு ஊர்ப்பட்ட வலி" என்று அவள் காதில் விழுகிற மாதிரியே சொல்லியிருக்கிறேன். அவள் கோபித்துக்கொள்ள மாட்டாள். "சரி அக்கா, அதுல பாதிய நீ வாங்கிக்கோ" என்று சிரிப்பாள்.

அப்புறம்தான் உங்களிடம் வந்தோம். முக்கால் மணி நேரம் அவளைப் பேச விட்டீர்கள். நான் பக்கத்து நாற்காலியில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கடைசியில், "உங்க வலி நிஜம்தாம்மா. நரம்பு கொஞ்சம் சத்தமா பேசுது. அதை அடக்கிப் பாக்கலாம்" என்றீர்கள். ஃபைப்ரோமயால்ஜியா என்று பெயரும் சொன்னீர்கள். சின்னவள் அழுதுவிட்டாள். அந்த நேரத்தில் எனக்கு என்ன தோன்றியது என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது. அவள் நாற்காலியில் நான் உட்கார்ந்திருக்க வேண்டும் என்று தோன்றியது.

பாதி நீலம், பாதி வெள்ளை கேப்சூல். காலையில் ஒன்று, படுக்கும்போது ஒன்று. அட்டையிலிருந்து பிரித்து டப்பாவில் போட்டு வைப்பது என் வேலை. தினமும் காலையில் அவள் கண் விழித்ததும் "பத்துக்கு எத்தனை?" என்று கேட்டு, அவள் சொல்கிற வலிக் கணக்கைக் காலண்டரில் குறித்து, மாதம் ஒரு தடவை அந்தத் தாளை உங்களிடம் காட்டுவதும் என் வேலை. நீங்கள் சொன்ன ஏற்பாடுதான் அது. முதலில் எட்டு என்றாள். பிறகு ஆறு. இரண்டாம் மாதக் கடைசியில் மூன்று. கடைக்குத் திரும்பப் போக ஆரம்பித்தாள். "அக்கா, போர்வை இப்ப வெறும் போர்வையா இருக்கு" என்றாள். அதைச் சொல்லும்போது அவள் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும் நீங்கள்.

எனக்கு அப்போதுதான் ஒரு யோசனை வந்தது. விழுங்கத் தெரியாத குழந்தைகளுக்குக் கேப்சூலைத் திறந்து, பொடியைப் பிரித்துக் காகிதத்தில் மடித்துக் கொடுப்பது எங்கள் ஜன்னலில் வழக்கம். நகம் படாமல், மூடி நசுங்காமல் திறக்க எனக்குக் கை பழகியிருக்கிறது. இரவு வேளைக் கேப்சூலைத் திறந்து பொடியை எடுத்துவிட்டு, சோளமாவை அடைத்து மூடினேன். மாவிலும் அவளுக்குக் குணமாகிறதா என்று பார்க்கலாம், குணமானால் மனசுதான் காரணம் என்று தெரிந்துவிடும், ஆயுசுக்கும் மருந்து தின்ன வேண்டாமே என்று நினைத்தேன். அவள் நல்லதுக்குத்தான் என்று அப்போது எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

முதல் வாரம் மூன்று என்றே சொன்னாள். அடுத்த வாரமும் மூன்று. நான் நினைத்தது சரியாகப் போயிற்று என்று காலண்டரில் அழுத்தி எழுதினேன். பென்சிலோடு அவள் கட்டில் பக்கத்தில் நான் நிற்கிற நிற்பைப் பார்த்துத்தான் அவள் மூன்று என்று சொன்னாள் என்பது எனக்கு வெகு நாள் கழித்துத்தான் தெரிந்தது. கடைக்கார அம்மா சொன்னாள். ஒவ்வொரு தலையும் முடிந்ததும் சின்னவள் பின்பக்கம் போய்ச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிடுவாளாம். "அக்கா பாவம், எனக்காக இவ்வளவு பாக்குறா. எட்டுன்னு சொன்னா ஒடிஞ்சு போயிடுவா" என்பாளாம்.

மறைக்க முடியாமல் போய் ஒருநாள் ஏழு என்றாள். நான் ஏழு என்றே எழுதினேன். கணக்கில் நான் பொய் எழுதியதே இல்லை. நீங்கள் அந்தத் தாளைப் பார்த்துவிட்டு மருந்தை இரட்டிப்பாக்கினீர்கள். நான் கேட்கவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை.

எடுத்த பொடியை என்ன செய்தேன் என்று நீங்கள் கேட்கவில்லை. தொட்டியில் கொட்டினேன் என்று சொல்வதாகத்தான் இருந்தேன். வழியெல்லாம் அப்படிச் சொல்லிப் பழகிக்கொண்டுதான் வந்தேன்.

கொட்டவில்லை. முதல் நாளே கரண்டியில் எடுத்துத் தொட்டி வரைக்கும் போனேன். இருபத்திரண்டு வருஷமாக ஒரு குறுணை மருந்தை வீணாக்காத கை, கொட்ட வரவில்லை. வாயில் போட்டுத் தண்ணீர் குடித்தேன். நாலு நாள் ஒன்றும் தெரியவில்லை. ஐந்தாம் நாள் ஈரத்துணியைச் சுற்ற மறந்து தூங்கிவிட்டேன். எழுந்து தரையில் கால் வைத்தால் தரை குளிர்ச்சியாக இருந்தது. தரை குளிரும் என்பதே பதினோரு வருஷத்தில் எனக்கு மறந்துபோயிருந்தது. கட்டில் விளிம்பிலேயே உட்கார்ந்து அழுதேன்.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்பார்கள். எனக்கு வந்தபோது தெரியவில்லை, போனபோது தெரிந்தது. சின்னவள் சொன்னது அத்தனையும் நிஜம். மருந்தும் நிஜம். என் சோதனை அந்தக் காலையிலேயே முடிந்துவிட்டது, டாக்டர். அன்றைக்கு இரவு அவளுக்கு அவள் மருந்தைக் கொடுத்திருக்க வேண்டும். நான் மூடியைத் திறந்தேன்.

எனக்கும் எரிகிறது என்று உங்களிடமே வந்து கேட்டிருக்கலாம்தான். தங்கச்சியை நடிப்புக்காரி என்று பேசின வாயால் எப்படிக் கேட்பது. எங்கள் ஜன்னலிலும் இதே மருந்து இருக்கிறது. அங்கே எடுத்தால் இருப்பில் குறையும், எண்ணுகிறவர்கள் இருக்கிறார்கள். சின்னவள் எண்ண மாட்டாள்.

"உன் முகம் தெளிஞ்சிருக்கே அக்கா" என்று ஒருநாள் கேட்டாள். நல்லா தூங்குறேன் என்றேன். "ரெண்டு பேர்ல ஒருத்தராவது தூங்குறோமே, அது போதும்" என்றாள். மனசாரத்தான் சொன்னாள். சாயங்காலம் கால் பிடித்துவிடச் சொல்லுவாள். என் எரியாத கால்களை மடக்கி உட்கார்ந்து அவள் கால்களைப் பிடித்துவிடுவேன். நல்லாப் பிடிக்கிறே அக்கா என்பாள்.

நீங்கள் இரட்டிப்பாக்கிய பிறகு கொஞ்ச நாள் காலை வேளையை அவளுக்கு விட்டு வைத்தேன். அப்புறம் என் பாதத்துக்கு அதுவும் வேண்டியிருந்தது. ஒரே நாளில் காலை வேளையும் மாவாயிற்று. இந்த மருந்தைச் சட்டென்று நிறுத்தக் கூடாது, வலிப்பு வரும் என்று ஜன்னலுக்கு வருகிற ஒவ்வொருத்தரிடமும் நான்தான் சொல்வேன். எனக்குத் தெரியாததில்லை. நாலாம் நாள் கடையில் ஒரு அம்மாவுக்குத் தலை அலசிக்கொண்டிருந்தபோது சின்னவளுக்கு வலிப்பு வந்தது. விழுந்ததில் வலது மணிக்கட்டு உடைந்தது. கத்தரி பிடிக்கிற கை.

மருந்தும் கேட்கவில்லை, வலிப்பும் வந்தது, நிறுத்திவிடுவோம் என்று முடிவு செய்தீர்கள். என் காலண்டர்த் தாளைப் பார்த்தால் யாரும் அப்படித்தான் முடிவு செய்வார்கள். அன்றைக்கு வார்டில் சின்னவள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். "டாக்டரே கைவிட்டுட்டாரு அக்கா. நீ சொன்னதுதான் சரி போல. எல்லாம் என் மனசுலதான் இருக்கு" என்றாள். இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். போர்வையை இழுத்து விட்டேன். அது பட்டதும் துடித்துப் போனாள். உடனே என்னைப் பார்த்து, "சாரி அக்கா, மறுபடியும் நடிக்கிறேன் பாரு" என்றாள்.

அந்த வார்த்தை என்னை விடவில்லை. அதனால்தான் வந்தேன். இதோ டப்பா. மிச்சம் இருக்கிற மாவுக் கேப்சூல்கள், ஒன்பது. ஒன்றைத் திறந்து நாக்கில் வைத்துப் பாருங்கள். ஆஸ்பத்திரிக்கு எழுதிப் போடுவதானால் போடுங்கள், வேலை போனால் போகட்டும். வேலியே பயிரை மேய்ந்தது என்று ஊர் சிரிக்கட்டும். சின்னவளிடம் மட்டும் கை கூடுகிற வரைக்கும் சொல்ல வேண்டாம். ஃபைலில் அந்த இரண்டு வரியை அடித்துவிடுங்கள். இந்த மருந்து கேட்கும். அதை என்னைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் யாரும் இல்லை.

நீங்கள் நிறுத்திய பிறகு அட்டையில் மிச்சம் இருந்தது முந்தாநாளோடு தீர்ந்துவிட்டது. இரண்டு நாளாகத் திரும்பவும் ஈரத்துணிதான். அதற்காக வந்தேன் என்று நினைத்துவிடாதீர்கள், சின்னவளுக்காகத்தான் வந்தேன். அந்த இரட்டிப்பு அளவையே எழுதுங்கள். அவள் கையில் கட்டுப் போட்டிருக்கிறது, அட்டையைப் பிரிக்க வராது. சீட்டை என்னிடம் கொடுங்கள், வழக்கம் போல நானே வாங்கிப் பிரித்துக் கொடுத்துவிடுகிறேன்.