கையெழுத்துக்கு முன் பிள்ளைகளைக் கேட்டவர்

மேடையில் இருக்கும் நீதிபதி அம்மா அவர்களே, வழக்கறிஞர்களே, இந்தச் சமரச மையத்துக்கு மனம் கனத்து வந்து, கொஞ்சம் லேசாகித் திரும்பிப் போன என்னைப் போன்ற குடும்பத்தாரே, எல்லோருக்கும் என் வணக்கம்.

எனக்கு மேடையில் பேசிப் பழக்கமில்லை. எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றுவிட்டது. தையற்கடையில் சட்டைப் பொத்தான்களுக்குக் காஜா எடுக்கிறேன். அங்கே தையல் மெஷின்தான் பேசும். ஆனால் மறைந்த ஐயாவுக்காக இன்று பேசாமல் என்றைக்குப் பேசப் போகிறேன்?

நீங்கள் அவரைச் சமரசர் என்றீர்கள். பிள்ளைகள் நாங்கள் வைத்த பெயர் ‘ஒருநிமிஷம்’ ஐயா. யார் சத்தம் போட்டாலும் கையைத் தூக்கி, “ஒரு நிமிஷம்” என்பார். அந்த ஒரு நிமிஷம் அரைமணி நேரம் ஓடும்!

நான் சிறுமியாக இருந்தபோது என் அப்பாவும் அம்மாவும் மனமொத்துப் பிரிவது என்று முடிவெடுத்துத்தான் இங்கே வந்தார்கள். பாத்திரம், கட்டில், பீரோ எல்லாவற்றையும் சண்டையில்லாமல் பிரித்திருந்தார்கள். நான் அம்மாவோடு, தம்பி அப்பாவோடு. ஆளுக்கு ஒன்று. அது நியாயம் என்றே இருவரும் நம்பினார்கள். தம்பியும் நானும் வராந்தா பெஞ்சில் இருந்தோம். கதவு சரியாக மூடாததால் உள்ளே பேசியதெல்லாம் கேட்டது.

ஐயாவுக்கு ஒரு வழக்கம் உண்டு. கையெழுத்துக்கு முன் கணவர் மனைவியாகப் பேச வேண்டும், மனைவி கணவராகப் பேச வேண்டும். எதிரில் இருப்பவர் “ஆமா, அதுதான்” என்று சொல்லும்வரை விடமாட்டார்.

அப்பா தொண்டையைச் செருமினார். “இவரு விடுற குறட்டையில எனக்குத் தூக்கமே இல்ல.”

“குறட்டைய பத்தி நான் எப்ப சொன்னேன்?” என்றார் அம்மா.

“சொல்லல. முறைச்சியே!”

“அது குறட்டைக்கு இல்ல. நான் பேசினா சுவத்தப் பாப்பீங்களே, அதுக்கு.”

பிறகு அப்பா மெதுவாக, “நான் பேசுறப்ப இவரு என் முகத்தப் பாக்குறதே இல்ல” என்றார்.

“ஆமா. அதுதான்.”

“சரி, பிள்ளைங்க என்ன சொல்வாங்க? அதையும் அவங்க இடத்துல இருந்து பேசிடுங்க” என்றார் ஐயா.

அம்மா எனக்காகப் பேசினார்: “எங்க விட்டாலும் இருந்துக்குவேன்.” அப்பா தம்பிக்காகப் பேசினார்: “அப்பா இருந்தா போதும், அழமாட்டேன்.”

“ஒரு நிமிஷம்” என்று எழுந்து வெளியே வந்தார் ஐயா. எங்கள் பெஞ்சிலேயே உட்கார்ந்தார். “சரியா சொன்னாங்களாம்மா?”

தலையை ஆட்டினேன்.

“ஆமாவா, இல்லையா? உன் கழுத்து எல்லாப் பக்கமும் போகுதே!”

சிரிப்பு வந்தது. கூடவே அழுகையும் வந்தது. “அவங்கள சேத்து வைங்க ஐயா” என்றேன்.

என் வாயை அடைக்க ஒரு பொய் சொல்லியிருக்கலாமே! சொன்னாரா? இல்லை. “அது என்னால முடியாதும்மா. அவங்க நல்லா யோசிச்சுதான் வந்திருக்காங்க. வேற கேளு.”

“தம்பிய என்கிட்டேருந்து பிரிக்காதீங்க.”

“அத உள்ள வந்து நீயே சொல்லு” என்று கதவை அகலத் திறந்து பிடித்துக்கொண்டார்.

சொன்னேன். அம்மா வாயைப் பொத்திக்கொண்டார். அப்பா என் முகத்தையே பார்த்தார்.

உடன்படிக்கையை மாற்றி எழுதினார்கள். வார நாட்களில் நாங்கள் இருவரும் அம்மா வீட்டில், விடுமுறையில் இருவரும் அப்பா வீட்டில். எங்கே போனாலும் இருவரும்! அவர்கள் பிரிந்தார்கள். நாங்கள் பிரியவில்லை. இதைச் செய்து கொடுத்தவருக்கு நான் எந்த வார்த்தையில் நன்றி சொல்வேன்?

ஐயா போய்விட்டார். ஆனால் வராந்தாவுக்குப் பிள்ளைகள் வருவது நிற்குமா? நாளைக்கும் யாராவது வருவார்கள். கடை லீவு விடும் நாளெல்லாம் நான் வந்து அவர்களோடு உட்காருவேன். ஐயாவின் படத்துக்கு முன் நான் கொடுக்கும் வாக்கு அது. அவருடைய நாற்காலியில் இனி உட்காரப் போகிறவரிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். கையெழுத்து வாங்குவதற்கு முன் எழுந்து வெளியே வாருங்கள். பிள்ளைகள் நாங்களாகப் பேச மாட்டோம். கேட்டால் பேசுவோம்.