இந்தத் திரை நேராக இருக்கிறதா?

அன்பை அள்ளித் தந்து, நேரத்தை மட்டும் கிள்ளித் தந்திருக்கும் அவைத்தலைவர் அவர்களே! முடி நரைத்தும் மனம் நரைக்காத பெரியோர்களே! அடுப்பை அணைத்தோமா, கதவைப் பூட்டினோமா என்ற கவலைகளை வாசலில் செருப்போடு கழற்றி வைத்துவிட்டு வந்திருக்கும் தாய்மார்களே! பின்வரிசையில் உட்கார்ந்தால் சத்தமில்லாமல் நழுவிவிடலாம் என்று திட்டம் தீட்டியிருக்கும் தம்பிமார்களே! தங்கைமார்களே! உங்கள் அனைவருக்கும் என் கனிந்த வணக்கம்.

நம் பிரார்த்தனை மன்றத்தின் ஆண்டு விழாவில், நிச்சயமில்லாத நேரத்தில் பொறுமையும் பிரார்த்தனையும் என்ற தலைப்பை எனக்குத் தந்திருக்கிறார்கள். நான் தயங்கினேன். மன்றச் செயலாளர் விடவில்லை. "பொறுமையப் பத்திப் பேச உங்கள விட்டா யாரும்மா இருக்கா? நாளைக்கு மாஸ்டரோட குடும்பம் நடத்துறீங்களே!" என்று சொல்லிவிட்டுப் போனார்.

சிரிக்கிறீர்கள். சிரிக்காமல் என்ன செய்வீர்கள்? இந்த அரங்கில் பாதிப் பேர் அவரிடம் துணியைக் கொடுத்துவிட்டு நடையாய் நடந்தவர்கள்தானே! தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். என் கணவர் தையற்காரர். கடையில் துணி வெட்டுவது அவர், தைப்பது நான். யார் எப்போது வந்து கேட்டாலும் அவர் வாயில் ஒரே பதில்தான்: "நாளைக்கு வாங்க." அதனால் அவருடைய சொந்தப் பெயர் ரேஷன் அட்டையோடு நின்றுவிட்டது. நாளைக்கு மாஸ்டர் என்றால்தான் தபால்காரருக்கே அடையாளம் தெரியும். மூன்றாவது வரிசையில் ஓரமாக உட்கார்ந்திருக்கிறார். தயவுசெய்து யாரும் திரும்பிப் பார்க்காதீர்கள், கூச்சப்படுவார்.

பார்த்துவிட்டீர்களா? சரி, போகட்டும்.

அவையோரே! நிச்சயமில்லாத நேரம் என்றால் என்ன? வேலை நிலைக்குமா நிலைக்காதா என்று தெரியாமல் மனிதன் விழிக்கிறானே, அது. பரிசோதனை முடிவு வருவதற்குள் பத்துமுறை செத்துப் பிழைக்கிறோமே, அது. கெட்ட செய்தி வந்துவிட்டால்கூட அழுது தீர்த்துவிடலாம். செய்தியே வராத நேரத்தை என்ன செய்வது? அந்த நேரத்தில் நாங்கள் கொஞ்ச காலம் குடியிருந்தோம். அந்தக் கதையைத்தான் இன்று சொல்லப் போகிறேன்.

என் கணவருக்கு இடக்கண் பிறவியிலேயே மங்கல். ஆள் வருவது தெரியும், யார் என்பது தெரியாது. வலக்கண் ஒன்றை வைத்துக்கொண்டுதான் இத்தனை காலம் ஊசியில் நூல் கோத்தார், கத்தரி பிடித்தார், என்னைப் பெண் பார்த்தார். ஒரு கண்ணால் பார்த்ததால்தான் உடனே சம்மதித்தார் என்று என் அக்கா இன்றைக்கும் கேலி பேசுவாள். பேசட்டும். அந்த ஒரு கண்ணின் கூர்மை அப்படி! ஸ்கேல் வைத்துக் கோடு போடுவதை அவர் கௌரவக் குறைச்சலாக நினைப்பார். துணியை விரிப்பார், ஒரு தடவை உற்றுப் பார்ப்பார், கத்தரி ஓடும். வெட்டிய ஓரம் இம்மி பிசகாது. "கண்ணு இருக்கும்போது ஸ்கேல் கட்டை எதுக்கு?" என்பார். கொஞ்சம் தலைக்கனம்தான். அவர் காதுபடவே சொல்கிறேன்.

ஒரு நாள் காலை. மேசையில் கோட்டுத் துணி விரித்திருக்கிறது. கத்தரியைக் கீழே வைத்துவிட்டு, "ஏம்மா, வலது கண்ணுல ஓரமா ஒரு திரை எறங்குற மாதிரி இருக்கு" என்றார். நான் தூசி என்று நினைத்து ஊதினேன். மாலைக்குள் அந்தத் திரை பாதிக் கண்ணை மூடிவிட்டது. ஓடினோம் ஆஸ்பத்திரிக்கு.

கண் டாக்டர் ஓர் அம்மா. தையற்காரர் என்றதும் எங்களுக்குப் புரிகிற மொழியிலேயே சொன்னார். "கண்ணுக்குள்ள பின்னாடி லைனிங் மாதிரி ஒரு சவ்வு இருக்கு. அது பிரிஞ்சு தொங்குது. ஆபரேஷன் பண்ணி ஒட்டி, உள்ள ஒரு காத்துக் குமிழி வைப்போம். இஸ்திரிப் பெட்டி மாதிரி அது சவ்வ அழுத்திப் பிடிக்கும். ஆனா நீங்க நான் சொல்ற வரைக்கும் தலையக் குனிஞ்சே இருக்கணும். உக்காந்தாலும் குனிஞ்சு, படுத்தாலும் குப்புற. குமிழி கரையுற வரைக்கும் அந்தக் கண்ணுல ஒண்ணும் சரியாத் தெரியாது. பயப்படாதீங்க."

"பார்வை எப்ப வரும் டாக்டர்?" என்று கேட்டார் இவர்.

"இப்பவே எப்படிச் சொல்றது? அடுத்த வாரம் வாங்க, பாக்கலாம்."

வெளியே வந்ததும் என்னிடம், "நம்ம வசனத்த நம்மகிட்டயே சொல்றாங்க பாத்தியா" என்றார். அன்றைக்குச் சிரித்தோம். சிரிப்பு அதிக நாள் நிலைக்கவில்லை.

ஆபரேஷன் முடிந்தது. பக்கத்துத் தெருத் தச்சர், முகம் நுழையும் அளவுக்கு ஓட்டை போட்ட ஒரு பெஞ்சு செய்து கொடுத்தார். இவர் அதில் குப்புறக் கிடப்பார். வந்தவர்களெல்லாம் இவருடைய பின்னந்தலையோடு பேசுவார்கள். இவர் தரையைப் பார்த்துப் பதில் சொல்வார். மங்கலான இடக்கண்ணுக்குத் தெரிந்ததெல்லாம் தரையும் வந்தவர்களின் கால்களும்தான். டீயை ஸ்ட்ரா போட்டுக் குடித்தார். ஒரு நாள் ஜாக்கெட் கேட்டு வந்த அம்மாவின் செருப்பைப் பார்த்து, பழக்க தோஷத்தில், "நாளைக்கு வாங்க" என்றார். அந்த அம்மா சிரித்துக்கொண்டே வந்து, கண்ணைத் துடைத்துக்கொண்டே போனார்.

நான் பிரார்த்தனை செய்தேன். எப்படித் தெரியுமா? மாமியார் மருமகளுக்கு உத்தரவு போடுவதைப் போல! இந்த வாரம் பார்வை வர வேண்டும், அடுத்த வாரம் அவர் கடைக்குப் போக வேண்டும் என்று ஆண்டவனுக்கே கெடு வைத்தேன். எங்களிடம் கெடு வைத்த ஊரார் யாராவது உருப்பட்டிருக்கிறார்களா? அது எனக்கு ஏன் அப்போது உறைக்கவில்லை?

இனிமேல்தான் சங்கடமான பகுதி. அவரிடம் அனுமதி வாங்கிக்கொண்டுதான் சொல்கிறேன்.

கண் தெரிகிறதா என்று சோதிக்க நீங்களும் நானும் என்ன செய்வோம்? சுவரில் காலண்டரைப் பார்ப்போம். விரலை எண்ணுவோம். தையற்காரர் என்ன செய்வார்? ஊசியில் நூல் கோத்துப் பார்ப்பார்! நான் தைத்த துணிகளைக் கொடுத்துவர வெளியே போயிருந்தேன். இவர் எழுந்தார். வலக்கண்ணில் கட்டியிருந்த மறைப்பை எடுத்தார். ஜன்னல் வெளிச்சத்தில் ஊசியைத் தூக்கிப் பிடித்தார். ஊசியைக் குனிந்து கோக்க முடியாதே! முகம் மேலே போனது, இடக்கண்ணை மூடினார், பார்த்தார். கலங்கிய தண்ணீருக்குள்ளிருந்து பார்ப்பது போல எல்லாம் ஆடியது. குமிழி இருக்கும்வரை தெரியாது என்று டாக்டர் சொன்னது நினைவில் நிற்கவில்லை. கண் போய்விட்டது என்றே முடிவு கட்டினார். மறுபடி பார்த்தார். மறுபடி பார்த்தார். நான் திரும்பி வந்தபோது ஊசி தரையில் கிடந்தது, நூல் அவர் கையில் இருந்தது, முகம் ஜன்னலை நோக்கி நிமிர்ந்திருந்தது.

"என்னங்க பண்றீங்க!"

"தெரிஞ்சுக்கணும்மா. நல்லதோ கெட்டதோ, இன்னிக்கே தெரிஞ்சுடணும்."

இன்றைக்கே தெரிந்தாக வேண்டும்! அவையோரே, நம் எல்லோருடைய நோயும் இதுதானே? விதை போட்ட மறுநாளே மண்ணைக் கிளறிப் பார்க்கும் நோய்! கடவுளிடம் ஒப்படைத்ததை, அவர் ஒழுங்காகச் செய்கிறாரா என்று சந்தேகப்பட்டு மறுபடி பிடுங்கிப் பார்க்கும் நோய்!

அடுத்த பரிசோதனையில் சவ்வு மறுபடி பிரிந்திருந்தது. "தலையத் தூக்கினதாலயும் இருக்கலாம், தானாவும் பிரிஞ்சிருக்கலாம். இன்னொரு தடவ முயற்சி பண்ணலாம். அதுக்கு மேல என் கையில இல்ல" என்றார் டாக்டர். எனக்கு என் கணவர் மேல் கோபம். அவரை விட அதிகமாகக் கடவுள் மேல் கோபம். மறைக்க மாட்டேன், இரண்டு நாள் பிரார்த்தனையே செய்யவில்லை. அதற்காகக் கடவுள் என்னிடம் கோபித்துக்கொண்டதாகவும் தெரியவில்லை.

இரண்டாவது ஆபரேஷன். மறுபடி அதே பெஞ்சு, அதே ஓட்டை, அதே தரை. இந்த முறை நான் தரையில் மல்லாந்து படுத்துக்கொண்டேன், அவர் முகத்துக்கு நேர் கீழே. அவருக்கு என் முகம் மங்கலாகவாவது தெரியட்டுமே என்று. அப்படியே இருவரும் வேண்டிக்கொள்வோம். அவர் மேலே, நான் கீழே. பார்ப்பவர்களுக்கு வேடிக்கையாகத்தான் இருந்திருக்கும்.

ஒரு நாள் கேட்டார். "நீ என்னம்மா வேண்டிக்கிற?"

"வேற என்னங்க? கண்ணு தெரியணும்னுதான்."

"நான் அதக் கேக்கிறத விட்டுட்டேன். அதக் கேட்டா ஒடனே எட்டிப் பாக்கத் தோணுது. இன்னிக்குப் பூரா தலையத் தூக்காம இருக்கணும், அதுக்குத் தெம்பு குடுன்னு மட்டும் கேக்குறேன். மிச்சத்த அவர் பாத்துக்குவாரு."

அவையோரே! நான் எத்தனையோ மேடை ஏறியவள். எத்தனையோ சொற்பொழிவு கேட்டவள். பொறுமைக்கு இதைவிடத் தெளிவான விளக்கம் நான் கேட்டதில்லை. டாக்டர் தன் வேலையைச் செய்தார். குனிந்திருப்பது இவர் வேலை. குணமாக்குவது ஆண்டவன் வேலை. அடுத்தவர் வேலையில் தலையிடாமல் தன் வேலையைச் செய்வதற்குப் பெயர்தான் பொறுமை! அதைச் செய்யத் தெம்பு கேட்பதற்குப் பெயர்தான் பிரார்த்தனை! தலையைக் குனிந்துகொண்டு மனத்தை நிமிர்த்தி வைத்திருப்பதற்குப் பெயர்தான் நம்பிக்கை!

கைதட்டாதீர்கள். கதை இன்னும் முடியவில்லை. தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். ஐயா, நீங்கள் எங்களிடம் கொடுத்த சட்டைக்கு எவ்வளவு காலம் காத்திருந்தீர்கள்? இன்னும் ஐந்து நிமிடம் தாராளமாகக் காத்திருக்கலாம்!

குமிழி கரைந்தது. சவ்வு ஒட்டிக்கொண்டது. பார்வை வந்தது. இத்தோடு முடித்தால் உங்களுக்கும் நிறைவு, எனக்கும் நிறைவு. ஆனால் வாழ்க்கை நம் வசதிக்குத் தைத்த சட்டையா? பார்வை வந்தது, கோணலாக வந்தது. நேரான கோடெல்லாம் அந்தக் கண்ணுக்கு நெளிந்து தெரிகிறது. கதவு நிலை நெளிகிறது, ஜன்னல் கம்பி நெளிகிறது. போகப் போகக் குறையலாம், குறையாமலும் போகலாம் என்றார் டாக்டர். தையற்காரருக்குக் கோடு நெளிந்தால் பிழைப்பு என்ன ஆவது?

கடைக்கு வந்தார். துணியை விரித்தார். பழையபடி ஒரு தடவை உற்றுப் பார்த்தார். கத்தரியை எடுக்கவில்லை. அப்படியே முக்காலியில் உட்கார்ந்துவிட்டார். நான் மிஷினில் தைத்துக்கொண்டிருந்தேன். வெகுநேரம் கழித்து, மூலையில் தூசி படிந்து கிடந்த என் இரும்பு ஸ்கேலை எடுத்துத் துணிமேல் வைத்தார்.

"ஏம்மா, இந்த ஸ்கேல் வளைஞ்சிருக்கா?"

"இரும்பு எப்படிங்க வளையும்?"

"எனக்கு இதுவும் வளைஞ்சுதான் தெரியுது."

அவர் ஸ்கேலை விரலால் தடவினார், ஒரு முனையிலிருந்து மறு முனைவரை. பிறகு சொன்னார். "கண்ணு வளைவுங்குது. ஸ்கேல் நேருங்குது. நான் ஸ்கேல நம்பி வெட்டுறேன். நீ தை."

ஸ்கேலே வேண்டாம் என்ற மனிதர்! தன் கண்ணைவிட எதையும் நம்பாத மனிதர்! நமக்கு எல்லாம் கோணலாகத் தெரியும் காலம் வரும், அவையோரே. வீடு கோணலாகத் தெரியும், நாளை கோணலாகத் தெரியும், கடவுளே கோணல் செய்கிறாரோ என்றுகூடத் தெரியும். வளைந்தது அவரா, நம் பார்வையா? அந்த நேரத்தில் கண் காட்டுவதைப் பார்த்து வெட்டாதீர்கள். கையில் இருக்கும் நேரான ஒன்றைப் பிடித்துக்கொண்டு வெட்டுங்கள்!

அப்படி அவர் முதல் முதலாக வெட்டிய துணி எது தெரியுமா? எனக்குப் பின்னால் தொங்குகிறதே, இந்த மேடைத் திரை. நீலத் துணி, நடுநடுவே மேலிருந்து கீழ்வரை வெள்ளைப் பட்டைகள். நான்தான் தைத்தேன். ஆனால் மேசை அகலத்துக்கு மேல் அதை நான் விரித்துப் பார்த்ததில்லை. இதைத் தொங்கவிட்டுப் பார்க்கும் உயரத்துக்குச் சுவர் எங்கள் வீட்டில் ஏது? மேடை ஏறும்போதும் நான் நிமிர்ந்து பார்க்கவில்லை. பயம்தான் காரணம்.

இன்று கிளம்பும்போது அவர் சொன்னார். "நீ என் பொண்டாட்டி. கோணலா இருந்தாலும் நல்லா இருக்குன்னுதான் சொல்லுவ. சபையில கேளு. நேரா இருந்தா தொழில் பண்ணலாம். இல்லன்னா கத்தரியக் குடுத்துட்டு வேற வேல பாத்துக்கலாம். எதுவா இருந்தாலும் சரிம்மா, நான் தாங்கிக்குவேன்."

எனவே கேட்கிறேன். மரியாதைக்காகச் சொல்லாதீர்கள், மனச்சாட்சிப்படி சொல்லுங்கள். இந்தத் திரை நேராக இருக்கிறதா?

என்ன? எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினால் எனக்கு எப்படிக் கேட்கும்! தச்சர் அண்ணன் எழுந்திருக்கிறார். நல்லது. கோணலைக் கண்டால் பொறுக்காத மனிதர், எங்கள் கடை வாசற்படியையே குறை சொன்னவர். அண்ணே, ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்க்கிறீர்களே, நன்றாகப் பாருங்கள். அவசரமில்லை. காத்திருந்து எங்களுக்குப் பழக்கம்தான்.

"நூல் புடிச்ச மாதிரி இருக்கும்மா!"

இன்னொரு முறை சொல்லுங்கள் அண்ணே, மூன்றாவது வரிசைக்குக் கேட்கட்டும்!

என்னங்க, கேட்டுச்சா? உங்களுக்கு அது இன்னும் வளைஞ்சுதான் தெரியும். தெரியட்டும். நேராத்தான் இருக்காம்.

மன்னிக்க வேண்டும், அவையோரே. இதற்கு மேல் எனக்குப் பேச வராது. பொறுமையாய்க் கேட்ட உங்களுக்கும், பொறுமையைக் கற்றுத் தந்த அந்தப் பெஞ்சுக்கும், எங்களைக் கைவிடாத ஆண்டவனுக்கும் நன்றி. நாளைக்கு எங்கள் கடை திறந்திருக்கும். துணியோடு வாருங்கள். எப்போது கிடைக்கும் என்று மட்டும் கேட்காதீர்கள். வணக்கம்!