முகப்பேர் மந்திரப் பள்ளி

எண்பதுகளில் ஒரு காலை, பாடி பஸ் ஸ்டாப்பில் எனக்கு முன்னால் இரண்டு பேர். ஒருவர் கையில் டிபன் பாக்ஸ், ஃபேக்டரிக்குப் போகிறவர். மற்றவர் அதே வேலையை விட்டுவிட்டு மந்திரப் பள்ளியில் சேர்ந்தவராம்.

“அங்க தனியா வாத்தியார் கெடையாது மச்சான். பாஸ் பண்ணவன் போன வருசத்துக்குத் திரும்பி வந்து, அவனுக்கு அவனே சொல்லிக் குடுக்கணும்.”

“உனுக்கு?”

“வருசம் பூரா குந்திகினு இருந்தேன். நான் வரவே இல்ல.”

டிபன் பாக்ஸ்காரர் சிரிக்கவில்லை. “இன்னாத்துக்கு வரல?”

“ஃபெயிலானவன எப்படி அனுப்புவாங்க?”

“ஏன் ஃபெயிலான?”

“சொல்லிக் குடுக்க யாரும் வரலியே.”

பஸ் வந்தது. ஏறிக்கொண்டே டிபன் பாக்ஸ்காரர் கேட்டார்: “ஊட்ல இன்னா சொன்னே?”

“வாத்தியார் சரியில்லன்னு சொல்லிட்டேன்.”