ஏழாம் மலைக்கு இன்று என்ன நிறம்?

பொறுமையின் பொக்கிஷமாய், கடித்த வடையைக் கையிலேயே பிடித்தபடி வீற்றிருக்கும் தலைவர், எங்கள் வண்ணமேகத் தோட்டத்துத் தொரை கஜேந்திரன் அவர்களே! முன்வரிசையில் முழங்காலைத் தடவும் பெரியவர்களே! முதுகிலே கூடையும் மூச்சிலே பாட்டும் சுமக்கும் தாய்மார்களே! பின்வரிசையில் விசிலடிக்கும் பிரமுகர்களே! பத்தாம் வகுப்புத் தனுஷிகாவின் பணிவான (சிரிக்காதீங்க, இன்றைக்கு உண்மையிலேயே பணிவுதான்) வணக்கம்!

நோர்வூட் பஸ் திரும்பிப் போகிற இடத்திலிருந்து மூன்று மலை தாண்டினால் நம் தோட்டம். வரைபடத்தில் தேடாதீர்கள், வரைந்தவருக்கு வழி தெரியவில்லை. மற்ற மலைகளில் மேகம் மழை தரும். நம் ஏழாம் நம்பர் மலையிலோ மேகம் சாயம் தரும்! ஒரு நாள் செம்பருத்திச் சிவப்பு, ஒரு நாள் கத்தரிப்பூ ஊதா, ஒரு நாள் மங்கள மஞ்சள். தேயிலைக்கு மட்டுமா? மேயப் போன நல்லமுத்து மாமாவின் வெள்ளை ஆடு ஊதாவாகித் திரும்பியது. "யாரு ஊட்டு ஆடுடா இது?" என்று சொந்த ஆட்டையே தடியெடுத்து விரட்டினாரே! மாமா, முறைக்காதீங்க. ஆடு உங்களை மன்னிச்சிருச்சு.

ஊர் சிரித்தது. கொழுந்து பறிக்கும் பெண்கள் சிரித்தார்களா? இளம்பச்சை கொழுந்து, கரும்பச்சை முத்தல் என்று கண்ணால் பிரித்துப் பழகியவர்களுக்கு, செடி முழுக்க ஒரே சிவப்பென்றால் எதைப் பறிப்பது? எதை விடுவது? முத்தல் கலந்தது. ஆலையிலிருந்து திட்டு வந்தது. "பறிக்க முடியாத மலை எதுக்கு? காடாவே விட்டுருவோம்" என்றார் தொரை. இருபத்திரண்டு பெண்களின் மலை! அவர்களுடைய அம்மாமார் நட்ட செடி!

அந்த நேரம் பார்த்து ஒரு கயவாளி குறும்பு செய்தாள். யார்? அடியேன்தான். போன வாரச் சனிக்கிழமை, நாகலெட்சுமி சித்தியின் கூடைக்குள் ஏழு முத்தல் இலையைப் பிய்த்துப் போட்டேன். கொழுந்து நிறுக்கும் மடுவத்துக்கு வந்த சித்தி கூடைக்குள் கைவிட்டார். வானத்தைப் பார்த்தபடியே ஏழையும் எடுத்து வெளியே எறிந்தார்!

"இது நான் ஒடிச்சது இல்ல. ஒடிச்ச காம்பு வழுவழுன்னு இருக்கும். இதுல நாரு தொங்குது. எங்கடி அந்தத் தனுஷி?"

ஓடினேன். பிடித்தார். காதைத் திருகினார். திருகிய கை பாதியில் நின்றது.

"ஏன்டி, பார்க்காமலே கை கண்டுபிடிக்குதே! அப்புறம் செடிகிட்ட மட்டும் ஏன் கண்ண நம்பி நிக்கிறேன்?"

திங்கள் காலை பேர் கூப்பிட்டு வேலை பிரிக்கும் பெரட்டு கலைந்ததும் இருபத்திரண்டு பேரும் விரலை நம்பி மலையேறினார்கள். இளசு மெத்தென்று வளைந்து 'டக்'கென ஒடியும்; முத்தல் முரண்டு பிடிக்கும். சிவப்பு வந்தது, முத்தல் வரவில்லை. ஊதா வந்தது, முத்தல் வரவில்லை. மஞ்சள் வந்தது, ஆலையிலிருந்து பாராட்டே வந்தது!

ஆனாலும் தொரை இன்னும் முடிவு சொல்லவில்லை. இன்று இந்த மேடையில் சொல்வதாக வாக்குக் கொடுத்திருக்கிறார். ஐயா, அதற்கு முன் அந்த வடையைக் கீழே வைங்க. கண்ணை மூடுங்க. இரண்டு கையையும் நீட்டுங்க. பயப்படாதீங்க, ரத்தம் குடிக்கிற அட்டை இல்ல. கைக்கு ஓர் இலை, இன்று காலை ஏழாம் மலையில் பறித்தது. தடவிப் பார்த்துச் சொல்லுங்க, எது கொழுந்து?

என்ன? சத்தமா சொல்லுங்க ஐயா, பிரமுகர்களுக்குக் கேட்கல. வலது கையா? சரி! சரியோ சரி! கண்ணைத் திறங்க. இரண்டும் ஒரே மஞ்சள்!

ஒரு கொழுந்துகூடப் பறிக்காத விரலுக்கே தெரிகிறதென்றால், முப்பது வருடம் பறித்த விரலுக்குத் தெரியாதா? மேகம் மாறட்டும், மலை நிறம் மாறட்டும், மாமாவின் ஆடு மறுபடி மாறட்டும்! அந்த மலையை அறிந்த கை மாறுமா?

தொரை தலையாட்டுகிறார்! இந்தாங்க மைக், வாயாலும் சொல்லுங்க ஐயா.

கேட்டீர்களா? "ஏழாம் மலை இருக்கும்!"

கைதட்டிய கைகளுக்கும் என்னைப் பொறுத்த காதுகளுக்கும் நன்றி. சித்தி, அழாதீங்க. மேடைக்கு வாங்க, அன்னைக்குப் பாதியில விட்ட காது இதோ இருக்கு, திருகி முடிச்சிருங்க. அனைவருக்கும் வணக்க... ஆ! சித்தி! ...ணக்கம்!