குத்துமதிப்பு எழுதாதவன்

உங்கள் ஸ்டேஷன் மீட்டர் பெட்டிக்குள் பல்லி முட்டையிட்டிருக்கிறது, ஐயா. உள்ளே அழைத்து வரும்போது பார்த்தேன். பெட்டிக் கதவும் சரியாக மூடவில்லை, கீல் துருப்பிடித்துவிட்டது. யாரிடமாவது சொல்லி ஒரு சொட்டு எண்ணெய் விடச் சொல்லுங்கள். பார்த்ததைச் சொல்லாமல் இருக்க என்னால் முடியாது. இருபத்தாறு வருஷமாக அதுதான் என் பிழைப்பு.

வீடு வீடாகப் போய் மின்சார மீட்டரில் உள்ள எண்ணைப் பார்த்து எழுதுகிறவன் நான். பெரிய படிப்பு வேண்டாத வேலை, ஆனால் சுத்தமான வேலை. மீட்டர் ஓர் எண்ணைக் காட்டும். நீங்கள் அதை எழுதுவீர்கள். உங்கள் விருப்பு வெறுப்புக்கு அங்கே இடமில்லை. என்னோடு வேலை பார்க்கிறவர்கள் வெயில் ஏறிவிட்டால் டீக்கடையில் உட்கார்ந்துகொண்டு, போன மாத எண்ணைப் பார்த்து, இந்த மாதத்துக்குக் குத்துமதிப்பாக ஒன்றைப் போட்டுவிடுவார்கள். அல்லது ‘கதவு பூட்டியிருந்தது’ என்று எழுதிவிட்டு நடையைக் கட்டுவார்கள். என் நோட்டில் அந்த இரண்டும் கிடையாது. ஓர் அடித்தல் திருத்தல்கூடக் கிடையாது. வேண்டுமானால் வரவழைத்துப் பாருங்கள்.

கதவு பூட்டியிருந்தால் திறக்கும்வரை நிற்பேன். மழையில் மூன்று மணி நேரம் நின்றிருக்கிறேன். ஒரு வீட்டில் நாய் இருந்தது. வீட்டுக்காரர் அதைச் சரியாக மீட்டருக்குக் கீழே கட்டிவிட்டு வேலைக்குப் போய்விடுவார். மூன்று முறை போனேன். மூன்று முறையும் கிட்டே விடவில்லை. நான்காவது முறை டார்ச்சால் அதன் மண்டையில் இரண்டு போட்டேன். இருட்டுப் பெட்டிகளுக்குள் பார்ப்பதற்காக நாங்கள் வைத்திருக்கிற டார்ச் அது. முழங்கை நீளம் இருக்கும், முழுக்க எஃகு. இப்போது உங்கள் மேஜையில் பையில் போட்டு வைத்திருக்கிறீர்களே, அதேதான். நாய் சீக்கிரம் அடங்கிவிட்டது. அதை ஓரமாக இழுத்துப் போட்டு, ரீடிங் எடுத்து, கேட்டைத் தாழிட்டுவிட்டுத்தான் வந்தேன். கேட்டைத் திறந்து போட்டுவிட்டு வருகிறவர்களும் எங்கள் ஆட்களில் உண்டு.

இன்னொரு வீட்டில் மீட்டர் சக்கரம் சுற்றாமல் இருக்கக் காந்தத்தை ஒட்டி வைத்திருந்தார்கள். ஒட்டியது யார் என்று அமைதியாகத்தான் கேட்டேன். தனக்குத் தெரியாது என்றார் வீட்டுக்காரர். அவர் கையைப் பிடித்துப் பெட்டியின் இரும்புச் சட்டத்தில் வைத்துக் கதவைச் சாத்தினேன். அப்போதும் தெரியாது என்றார். இரண்டாம் முறை சாத்தியபோது தெரியும் என்றார். நான்கு விரல்கள் போயிருக்கும் என்று நினைக்கிறேன். எண்ணிப் பார்க்கவில்லை என்பதால் உறுதியாகச் சொல்ல மாட்டேன். அவர் எந்தப் புகாரும் கொடுக்கவில்லை.

நாயின் சொந்தக்காரர் மட்டும் வீடு தேடி வந்தார். வாசலில் நின்று வாய்க்கு வந்தபடி கத்தினார். அண்ணன்தான் போய்ச் சமாதானம் செய்தார். அண்ணன் பேருந்து ஓட்டி ஓய்வு பெற்றவர். எந்தக் கூட்டத்தையும் பேசியே இறக்கிவிடுவார். “என் தம்பிய எனக்குத் தெரியாதா? ஒரு ஈ எறும்புக்குக்கூட கெடுதல் நினைக்க மாட்டான். வேணும்னா உங்க கால்ல விழறேன்” என்றார். விழவும் விழுந்தார். நான் அவருக்குப் பின்னால், கழுவிய டார்ச்சைத் துடைத்துக்கொண்டு நின்றேன். அவர் திரும்பும்போது டார்ச்சையும் பார்த்தார், என்னையும் பார்த்தார். வேட்டியில் ஒட்டிய மண்ணைத் தட்டிவிட்டு உள்ளே போய்விட்டார். எனக்கு அது பிடிக்கவில்லை, ஐயா. தெரிந்துகொண்டே அவ்வளவு சுலபமாகப் பொய் சொல்கிற மனிதரோடு ஒரே கூரையின் கீழ் இருக்கிறோமே என்று மனது கசந்துபோனது.

அப்பா கட்டிய வீடு அது. அண்ணன், அண்ணி, நான். மூன்று பேருக்கும் ஒரே மீட்டர். மின்சார ஒப்பந்தம் மூத்தவர் என்ற முறையில் அண்ணன் பெயரில். போன வருஷம் வாசலுக்கு வந்த ஒரு விற்பனைக்காரன் இனிக்க இனிக்கப் பேசி அவரை வேறொரு கம்பெனிக்கு மாற்றிவிட்டான். அந்தக் கம்பெனி மீட்டர் பார்க்க ஆளே அனுப்பாது. கம்ப்யூட்டரே உட்கார்ந்த இடத்திலிருந்து கணித்து, மாதா மாதம் ஓர் எண்ணை அனுப்பும். அந்த எண்ணுக்குப் பக்கத்தில் ‘மதிப்பீடு’ என்று பொடி எழுத்தில் போட்டிருக்கும். மீட்டர் ரீடர் வீட்டிலேயே குத்துமதிப்பு. எங்கள் ஆட்களுக்குத் தெரிந்தபோது டீக்கடையில் ஒரு வாரம் என்னை வைத்துச் சிரித்தார்கள்.

உங்கள் எழுத்தர் ‘பணத் தகராறு’ என்று எழுதுகிறார். அதை அடித்துவிடச் சொல்லுங்கள். பணம் இதில் எங்கேயும் வரவில்லை. போன மாதம் தாளில் இருந்த எண் 63190. மீட்டரில் இருந்த எண் 62705. நான் கேட்டதெல்லாம் அவ்வளவுதான். வராத எண்ணை வந்ததாக ஒருவன் எழுதுகிறான், அந்தத் தாள் எங்கள் அலமாரியில் அப்பாவின் படத்துக்குக் கீழே இருக்கிறது.

ஒப்பந்தத்தை ரத்து செய்யச் சொல்லி அண்ணனிடம் எத்தனையோ முறை சொன்னேன். அவர் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை.

“டேய் ரீடிங்கு, லைட்டு எரியுதா?”

“எரியுது.”

“ஃபேன் ஓடுதா?”

“ஓடுது. ஆனா நம்பர் தப்புண்ணா.”

“வருஷக் கடைசில எப்படியும் சரி பண்ணிடுவாங்கடா. நீ நான் எத்தனை மூச்சு விட்டேன்னுகூட எங்கயாவது குறிச்சு வச்சிருப்ப.” அண்ணியைப் பார்த்துக் கண் சிமிட்டினார். “என் பேர்ல இருக்கு, இருந்துட்டுப் போகட்டும். நான் கண்ண மூடினப்புறம் நீ எந்தக் கம்பெனிக்கு வேணா மாத்திக்கோ.”

அண்ணிகூடச் சிரித்துவிட்டார். “அவர் கெடக்குறார் தம்பி, நீங்க சாப்பிடுங்க” என்று என் தட்டில் இன்னும் கொஞ்சம் வைத்தார். நல்ல மனுஷி.

ரத்துப் படிவத்தை நானே வாங்கி வந்தேன். ‘ரத்துக்கான காரணம்’ என்று ஐந்து கட்டங்கள்: வீடு மாறுதல், வேறு நிறுவனம், சேவையில் குறை, ஒப்பந்ததாரர் மரணம், பிற. நான்காவதைத் தவிர மற்ற எல்லாவற்றுக்கும் ஒப்பந்ததாரரின் கையெழுத்து வேண்டும். நான்காவதற்கு வீட்டில் உள்ள இன்னொருவர் கையெழுத்துப் போதும். சான்றிதழைப் பிறகு அனுப்பலாம். நான் ‘சேவையில் குறை’யில்தான் டிக் போட நினைத்தேன். கட்டங்கள் நெருக்கமாக இருந்தன. டிக் ஒரு கட்டம் தள்ளி நான்காவதில் விழுந்துவிட்டது. மனிதன்தானே, கை தவறுவது சகஜம். கவனிக்காமல் கையெழுத்தைப் போட்டு, வெள்ளிக்கிழமை காலை வேலைக்குப் போகிற வழியில் அவர்கள் அலுவலகப் பெட்டியில் போட்டுவிட்டேன்.

திங்கட்கிழமை அந்தக் கம்பெனியிலிருந்து ஒரு பெண் போன் செய்தாள். மரியாதையான குரல்.

“சார், உங்க அண்ணன் விஷயம் கேட்டு ரொம்ப வருத்தமா இருக்கு. படிவத்துல ஒரு இடத்துல தப்பு இருக்கற மாதிரி தெரியுது சார். நீங்க சொன்னா போதும், நாங்களே திருத்திடுவோம்.”

“நான் எழுதினதுல தப்பு இருக்காதும்மா.”

“இல்ல சார், அந்த...”

“இருக்காது. அப்படியே பதிஞ்சுக்கங்க.”

போனை வைத்த பிறகு என் நகல் தாளை எடுத்துப் பார்த்தேன். நான்காவது கட்டத்தில் டிக் இருந்தது. எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு, ஐயா. ஒருவன் சோம்பேறித்தனமாகக் கூடுதல் எண்ணை எழுதிவிட்டால் அதைத் திருத்த மாட்டான். திருத்தினால் மேலதிகாரி கேள்வி கேட்பார். பேசாமல் இருந்துவிடுவான். மீட்டர் ஓடிக்கொண்டேதானே இருக்கிறது? இரண்டு மாதத்தில் அது தானாக அந்த எண்ணுக்கு வந்து சேர்ந்துவிடும், எழுதியது உண்மையாகிவிடும். மற்றவர்கள் அப்படிச் செய்வதைக் கேவலமாக நினைத்தவன் நான். ஆனால் அன்று எனக்கு வேறு வழி தெரியவில்லை. எழுத்து முந்திக்கொண்டுவிட்டது. வீட்டு நிலவரம் அந்த எழுத்துக்கு வந்து சேர வேண்டியதுதான் பாக்கி.

புதன்கிழமை காலை பத்து மணி. அண்ணி கொல்லைப்புறத்தில் துணி உலர்த்திக்கொண்டிருந்தார். அண்ணன் குளித்து, தலை வாரி, நாளிதழோடு உட்கார்ந்திருந்தார். நடையில் இருக்கிற மீட்டர் பெட்டியைத் திறந்துவிட்டு அவரைக் கூப்பிட்டேன்.

“அண்ணா, ஒரே ஒரு தடவை இந்த நம்பரப் படிங்க. அப்புறம் இதப் பத்திப் பேசவே மாட்டேன்.”

“இனிமே பேச மாட்டேன்னு கையெழுத்துப் போட்டுக் கொடுப்பியா?” என்று கேட்டுக்கொண்டே வந்தார். கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு குனிந்தார். நான் டார்ச் அடித்தேன்.

“ஆறு... ரெண்டு... மூணு...”

“அது எட்டு.”

“ஆமா, எட்டு. நாலு. ஒண்ணு. அறுபத்திரண்டாயிரத்து எண்ணூத்து நாப்பத்தொண்ணு. பாஸா?”

“பாஸ்.”

மேஜையில் இருந்த இந்த மாதத் தாளை எட்டி எடுத்து, பெட்டிக்கு நேரே பிடித்துப் பார்த்தார். அதில் 63410 என்று இருந்தது. இரண்டு எண்களையும் விரல் வைத்து ஒத்துப் பார்த்தார். பிறகு, “நீ சொன்னது சரிதான்டா. கண்ண மூடிக்கிட்டு எழுதியிருக்கானுங்க. இது தெரியாம உன்னப் போய்க் கிண்டல் பண்ணேன் பாரு. ரத்துப் படிவம் இருந்தா எடு, கையெழுத்துப் போடறேன். வேற கம்பெனிக்கு மாத்திடலாம்” என்றார்.

எனக்கு மனது நிறைந்துவிட்டது. சின்ன வயதில் சைக்கிள் ஓட்டிக் காட்டியபோது ஒரு முறை முதுகில் தட்டிக் கொடுத்தார். அதற்குப் பிறகு அன்றுதான். ஆனால் படிவம் போய் ஐந்து நாளாகிவிட்டதே. அவர் மறுபடியும் மீட்டர் பக்கம் குனிந்தபோது பின்மண்டையில் அடித்தேன். மேலேயிருந்து ஏதோ விழுந்துவிட்டது என்று நினைத்தார் போலிருக்கிறது. திரும்பி, “என்னடா விழுந்துச்சு?” என்றார். இரண்டாவது அடி நெற்றியில் பட்டது. கண்ணாடி உடைந்து கண்ணுக்குள் போயிற்று. சுவரைப் பிடித்துக்கொள்ளப் பார்த்தார். பிடி கிடைக்காமல் உட்கார்ந்தார். அதன் பிறகு என் பெயரைச் சொன்னார். கேலிப் பெயரை அல்ல, வீட்டில் வைத்த பெயரை. மூன்றாவதும் நான்காவதும் தரையில் வைத்து. நான்காவதில் எலும்பு உள்ளே போவது கைக்குத் தெரிந்தது. பக்கத்தில் உட்கார்ந்து மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தேன். பத்து மணி பன்னிரண்டு நிமிஷத்துக்கு நாடி நின்றது. ‘சுமார் பத்து மணி’ என்று எழுதியிருக்கிறீர்கள், திருத்திக்கொள்ளுங்கள்.

சத்தம் கேட்டு அண்ணி ஓடி வந்தார். டார்ச்சைப் பிடுங்கப் பார்த்தார். அதனால்தான் அவர் மணிக்கட்டை முறுக்க வேண்டியதாயிற்று. அது உடைந்தது எனக்கு வருத்தம். அவர் அலறிக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போனார், நான் தடுக்கவில்லை. கையைத் துடைத்துக்கொண்டு கம்பெனிக்குப் போன் செய்தேன். ஒப்பந்தம் முடிகிற நாளில் கடைசி ரீடிங்கை வீட்டார் சொல்ல வேண்டும் என்பது விதி. அதே பெண்தான் எடுத்தாள். “அறுபத்திரண்டாயிரத்து எண்ணூத்து நாப்பத்தொண்ணு” என்றேன். ஒருமுறைக்கு இருமுறை சொன்னேன். “மதிப்பீடா சார், நேர்ல பார்த்ததா?” என்றாள். “நேர்ல பார்த்தது. அண்ணனே படிச்சாரு” என்றேன். அவள் அவசரமாகப் போனை வைத்துவிட்டாள். உங்களுக்குத் தகவல் கொடுத்தது அண்ணியா அவளா என்று நான் கேட்க மாட்டேன்.

உங்களிடம் ஓர் உதவி மட்டும் கேட்கிறேன். அண்ணி தன் அம்மா வீட்டில் இருக்கிறார் என்றும், இனி அந்த வீட்டு வாசலை மிதிக்க மாட்டேன் என்கிறார் என்றும் சொன்னீர்கள். அவரை எப்படியாவது திரும்பி வரச் சொல்லுங்கள். படிவத்தில் ‘இனி வீட்டில் வசிப்போர்’ என்ற இடத்தில் இரண்டு என்று எழுதியிருக்கிறேன். என்னையும் சீக்கிரம் அனுப்பிவிட்டால் அது சரியாகிவிடும்.

என்ன ஐயா, படிவத்தை என் பக்கம் திருப்பிக் காட்டுகிறீர்கள்? டிக்கும் ‘இரண்டு’ என்ற எண்ணும் கை தவறி விழுந்தவை என்றே வைத்துக்கொள்வோம், இது என்ன என்கிறீர்கள். ‘இறந்த தேதி’ என்ற கட்டம். திங்கட்கிழமை அந்தப் பெண் சொல்ல வந்த தப்பும் இதுதானாம். இன்னும் வராத தேதியைப் போட்டிருக்கிறேன் என்று. வெள்ளிக்கிழமை கொடுத்த படிவத்தில் அடுத்த புதன்கிழமையின் தேதி எப்படி வந்தது என்று கேட்கிறீர்கள்.

அதில் தவறே இல்லை, ஐயா. தேதியைக் குத்துமதிப்பாகப் போடுகிறவன் நானில்லை. டியூட்டி பட்டியலைப் பக்கத்தில் வைத்துப் பார்த்துத்தான் எழுதினேன். புதன்கிழமைதான் எனக்கு லீவு.